வேலியோரமும் கரிசலும் தரும் உணவு: வாசகர் கேள்வி பதில்

ஐப்பசி, கார்த்திகை மழைக்குப் பிறகு காட்டுக்காய், கொடி, கிழங்கு பற்றிக் கேட்டு வந்த கடிதங்களில் ஏழுக்கு இந்த இதழில் பதில்.

பிரண்டைத் துவையல் அரைத்தேன். நன்றாக வதக்கியும் இரண்டாவது வாய்க்கே தொண்டை அரித்தது. எங்கே தவறு?
வாசகி, திருச்சி

பிரண்டைக்குள் கால்சியம் ஆக்சலேட் ஊசி ஊசியாக இருக்கிறது. அது தொண்டையில் குத்துவதைத்தான் அரிப்பு என்கிறோம். கொடியின் நுனியிலிருந்து மூன்று நான்கு கணு வரைதான் துவையலுக்கு ஆகும். கிள்ளினால் சட்டென ஒடிய வேண்டும். நார் இழுத்தால் அது முற்றல், விட்டுவிடுங்கள்.

கையில் நல்லெண்ணெய் தடவிக்கொண்டு கணுக்களை வெட்டி எறியுங்கள். நான்கு ஓரத்து நாரையும் உரித்து, பொடியாக நறுக்குங்கள். 100 கிராம் பிரண்டைக்கு 3 மேசைக்கரண்டி நல்லெண்ணெய் வேண்டும். மிதமான தீயில் 10 முதல் 12 நிமிடம் வதக்குங்கள். பலரும் பச்சை நிறம் மாறியதுமே இறக்கிவிடுகிறார்கள். உங்களுக்கும் அதுதான் நடந்திருக்கும். துண்டுகள் சுருங்கி, ஓரம் பழுப்பேறும் வரை அடுப்பில் இருக்க வேண்டும். நெல்லிக்காய் அளவு புளியை அதோடு சேர்த்தே வதக்குங்கள், புளியில்லாமல் பிரண்டையைத் தொடவே வேண்டாம். வறுத்த உளுந்து 2 மேசைக்கரண்டி, வரமிளகாய் 5, கொஞ்சம் தேங்காய், உப்பு வைத்துக் கெட்டியாக அரைத்தால் போதும். சிறுநீரகக் கல் உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் சாப்பிட வேண்டாம்.

வீட்டில் வளர்க்க இரண்டு கணுவுள்ள முற்றிய துண்டு போதும். வெட்டிய முனை காய இரண்டு நாள் நிழலில் வைத்து, ஒரு கணு மண்ணுக்குள் போகும்படி நடுங்கள். தினமும் தண்ணீர் ஊற்றினால் அழுகிவிடும், வாரம் ஒருமுறை போதும்.

அதலைக்காய் அரைக் கிலோ வாங்கி வந்தேன். மறுநாள் காலையில் பாதிக் காய் வெடித்துக் கிடந்தது. கெட்டுப்போன காயா? இதைத் தோட்டத்தில் வளர்க்க முடியுமா?
வாசகர், மதுரை

கெட்ட காய் இல்லை. முற்றியதும் வெடித்து விதையைச் சிதறுவது அதலையின் இயல்பு. பறித்த பிறகும் காய் உள்ளுக்குள் முற்றிக்கொண்டே இருப்பதால், மறுநாளுக்கு வைத்தாலே வெடிக்கத் தொடங்கும். பாலித்தீன் பையில் கட்டி வைத்தால் புழுங்கி இன்னும் சீக்கிரம் வீணாகும். வாங்கிய அன்றே சமைப்பதுதான் சரி. முடியாவிட்டால் முறத்தில் பரப்பி, காற்றோட்டமான இடத்தில் ஒரு ராத்திரி மட்டும் வைக்கலாம். வாங்கும்போது ஒரு காயைப் பிட்டுப் பாருங்கள். விதை வெள்ளையாக, நகம் இறங்கும்படி இருந்தால் நல்ல பருவம். விதை கறுத்துக் கடினமாகியிருந்தால் பல்லில் கல் போலக் கடிபடும்.

விருதுநகர், தூத்துக்குடி, மதுரைப் பக்கத்துக் கரிசலில், யாரும் விதைக்காமல் மழைக்குப் பின் தானே முளைக்கிற கொடி இது. பாகற்காயின் உறவு, கசப்பும் அதைப் போலத்தான். கசப்பைக் கழுவிப் பிழிந்து எடுக்கப் பார்க்கிறவர்கள் அதன் ருசியையும் சேர்த்துக் கொட்டிவிடுகிறார்கள். கசப்போடு சண்டை போடாமல் எண்ணெய், வெங்காயம், புளிப்பு, துளி வெல்லம் ஆகியவற்றோடு சேர விடுவதுதான் சமையல்.

கால் கிலோ காயைக் கழுவித் துடைத்து, காம்பையும் வாலையும் கிள்ளிவிடுங்கள். சின்னக் காயை முழுதாகவே போடலாம், பெரியதை இரண்டாகக் கீறலாம். 3 மேசைக்கரண்டி நல்லெண்ணெயில் கடுகு, உளுந்து தாளித்து முதலில் காயை மட்டும் போட்டு, மூடாமல் 6, 7 நிமிடம் வதக்குங்கள். மூடினால் ஆவி நீர் விழுந்து குழைந்துவிடும். தோல் சுருங்கியதும் 20 சின்ன வெங்காயம், 6 பல் பூண்டு, மிளகாய்த்தூள் ஒன்றரைத் தேக்கரண்டி, மஞ்சள், உப்பு. வெங்காயம் வதங்கியதும் நீர்க்கக் கரைத்த புளி அரை டம்ளர். அது வற்றி எண்ணெய் பிரியும்போது அரைத் தேக்கரண்டி வெல்லம், வறுத்துப் பொடித்த நிலக்கடலை 2 மேசைக்கரண்டி தூவி இறக்குங்கள். கம்பஞ்சோற்றுக்கு இதைவிடப் பொருத்தமான துணை இல்லை.

வளர்ப்பதைப் பற்றி. விதை சரியாக முளைக்காது, கிழங்கை நம்புவதே மேல். கோடையில் கொடி முழுக்கக் காய்ந்து, மண்ணுக்கடியில் கிழங்கு மட்டும் உறங்கும். மழை விழுந்ததும் அதிலிருந்தே மறுபடி துளிர்க்கும். ஆகவே கொடி பச்சையாக இருக்கும்போதே இடத்தைக் குச்சி நட்டு அடையாளம் வைத்துக்கொள்ளுங்கள். சொந்த நிலமானால் ஒன்றிரண்டு கிழங்கை மட்டும் பெயர்த்து, கரிசல் மண் நிரப்பிய பெரிய தொட்டியில் மூன்று விரல் ஆழத்தில் வைக்கலாம். தொட்டியில் வைக்கிறவர்கள் செய்யும் பெரிய பிழை கோடையில் தண்ணீர் ஊற்றுவது. உறங்கும் கிழங்கு நனைந்தால் அழுகும். அந்தக் கிழங்கு தின்னத் தக்கதல்ல, சமைத்துப் பார்க்க வேண்டாம். நிலத்தில் இருப்பதை அங்கேயே விட்டு, ஆழ உழவும் களைக்கொல்லியும் படாமல் காப்பதைத்தான் நாங்கள் முதலில் சொல்வோம். அதலை குறைந்துபோன ஊர்களில் இந்த இரண்டையும் கவனியுங்கள்.

பழுபாகல் கொடி படர்ந்து பூவாகப் பூக்கிறது. ஒரு காய்கூட இல்லை.
வாசகி, தர்மபுரி

உங்களிடம் இருப்பது ஆண் கொடியாகவோ, துணையில்லாத பெண் கொடியாகவோ இருக்கும். பாகற்காயின் இன்னொரு உறவான பழுபாகலில் ஆண் தனிக்கொடி, பெண் தனிக்கொடி. பூவின் அடியைப் பாருங்கள். முள்முள்ளாக ஒரு குட்டிக் காய் இருந்தால் பெண். வெறும் காம்பு மட்டும் என்றால் ஆண். எட்டுப் பத்துப் பெண் கொடிக்கு ஓர் ஆண் கொடி போதும்.

பூ விரிவது மாலையில். ஆண் பூவைப் பறித்து இதழை நீக்கி, மகரந்தத்தைப் பெண் பூவின் நடுவில் மெல்லத் தடவுங்கள். ஒட்டினால் சில நாளில் அடிக்காய் பருக்கும், இல்லையென்றால் மஞ்சளாகி உதிரும். விதையில் வளர்த்தால் பூக்கும்வரை ஆணா பெண்ணா என்று தெரியாது. பெண் கொடியின் கிழங்கை யாரிடமாவது கேட்டு வாங்குவதே நேர்வழி.

சுண்டை வத்தல் ஒவ்வொரு முறையும் பூசணம் பிடிக்கிறது.
வாசகி, திண்டுக்கல்

உப்புக் குறைவு, காயாத நடுப்பகுதி, ராத்திரிப் பனி ஆகிய மூன்றில் ஒன்றுதான் காரணம். அரைக் கிலோ பிஞ்சுச் சுண்டையை டம்ளரின் அடியால் ஒவ்வொன்றாகத் தட்டி, உடனே தண்ணீரில் போடுங்கள். வெளியே வைத்தால் கறுக்கும். இரண்டு மூன்று முறை அலசினால் விதை பெரும்பாலும் வெளியேறும். ஒரு கப் புளித்த தயிரைக் கடைந்து, காய் மூழ்குமளவு தண்ணீர் விட்டு, 3 மேசைக்கரண்டி கல்லுப்புச் சேர்த்து ராத்திரி முழுக்க ஊறவிடுங்கள். பகலில் காயை மட்டும் வெயிலில் பரப்பி, மாலையில் அதே மோரில் திரும்பப் போடுங்கள். மோர் வற்றும்வரை இப்படி மூன்று நாள். பிறகு நான்கு நாள் வெறும் வெயில், பொழுது சாயுமுன் வீட்டுக்குள். கையில் அள்ளிக் குலுக்கினால் கலகலவென்று ஒலிக்க வேண்டும். வெயில் நிச்சயமில்லாத கார்த்திகையில் தொடங்காமல் மாசி, பங்குனிக்குத் தள்ளிப் போடுங்கள்.

தூதுவளை முள்ளை எப்படி எடுப்பது?
வாசகர், தஞ்சாவூர்

முள் இலையின் அடிநரம்பிலும் காம்பிலும் இருக்கும். கொழுந்து இலையில் மென்மையாக இருப்பதால் நெய்யில் வதக்கி அரைத்தாலே போதும். முற்றிய இலையானால் நடுநரம்பைக் கத்தரிக்கோலால் வெட்டி எடுத்துவிட்டு ரசத்துக்குப் போடுங்கள்.

தோட்டத்து வேலியில் தோண்டியபோது கிழங்கு கிடைத்தது. காட்டு வள்ளிக்கிழங்கு என்கிறார்கள். வேகவைத்துச் சாப்பிடலாமா?
வாசகர், ஒட்டன்சத்திரம்

கொடியைப் பார்க்காமல் எடுத்த கிழங்கு என்றால் சாப்பிடாதீர்கள். தயவுசெய்து இதில் துணிய வேண்டாம். வேலியோரத்தில் கண்வலிக்கிழங்கும் வளரும். நம் மாநில மலரான செங்காந்தளின் கிழங்கு அது. அதிலுள்ள கொல்கிசின் என்ற நஞ்சு வேகவைத்தாலும் போகாது. இலங்கையில் வேறு கிழங்கென்று எண்ணி இதைச் சமைத்துத் தின்று இறந்தவர்களைப் பற்றி மருத்துவ ஏடுகளில் பதிவு உண்டு.

வேறுபாடு இலையில் தெளிவாகத் தெரியும். கண்வலிக் கொடியின் இலை நீண்டு, நுனி சுருள்கம்பி போலச் சுருண்டு பக்கத்துச் செடியைப் பற்றும். கிழங்கு பெரும்பாலும் கலப்பை போல இரண்டாகக் கவைத்திருக்கும். வள்ளியின் இலை பெரும்பாலும் இதய வடிவம், அடியிலிருந்து பல நரம்புகள் வளைந்து ஓடும். பற்றுச்சுருள் கிடையாது, தண்டே சுற்றி ஏறும். இலை உள்ள மழைக்காலத்தில் அடையாளம் வைத்து, இலை பழுத்த பிறகு தோண்டுவதுதான் முறை. வள்ளியிலேயே கசப்பும் நஞ்சும் உள்ள காட்டு வகைகளும் உண்டு. அவற்றைச் சீவி, ஓடும் நீரில் நாட்கணக்கில் ஊறவைத்துப் பக்குவப்படுத்தத் தெரிந்த மலைமக்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் நேரில் கற்காமல் செய்யக் கூடாது. யாராவது தவறித் தின்றுவிட்டால் வாந்தி, பேதி வரட்டும் என்று காத்திருக்காமல் மீதிக் கிழங்கையும் எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடுங்கள்.

காளானோடு மஞ்சளும் அரிசியும் போட்டு வேகவைத்து, நிறம் மாறவில்லை என்றால் நல்ல காளான் என்கிறார்களே?
வாசகி, கிருஷ்ணகிரி

பொய். மஞ்சள், பூண்டு, வெள்ளிக்காசு எதுவும் காளான் நஞ்சைக் காட்டிக்கொடுக்காது. கொடிய காளான்களைத் தின்ற பிறகு வாந்தி தொடங்கவே 6 மணி நேரத்துக்கு மேல் ஆகலாம். அதற்குள் நஞ்சு உள்ளே இறங்கிவிடும்.

இடி மழைக்குப் பின் கிளம்பும் புற்றுக்காளானுக்கு உச்சியில் கூர்முனை இருக்கும், தண்டு வேர் போல நீண்டு கரையான் புற்றுக்குள் இறங்கும். பிடுங்காமல் தோண்டினால்தான் அந்த வேர் தெரியும். புல்தரையில் வெள்ளைக்குடையாக நிற்பது பெரும்பாலும் வேறு. தலையைக் கொய்து வெள்ளைத்தாளில் கவிழ்த்து ஒரு ராத்திரி வைத்தால் பச்சைப்பொடி உதிர்ந்திருக்குமானால் அது நஞ்சு, எறிந்துவிடுங்கள். பச்சை உதிராததால் மட்டும் நல்லது என்று ஆகிவிடாது. வருடாவருடம் அதே புற்றில் எடுத்துத் தின்று பழகியவர் பக்கத்தில் நின்று காட்டினால் மட்டும் சமையுங்கள். புற்றுக்காளானைக் கொட்டகையில் வளர்க்கும் வழி கேட்டும் சிலர் எழுதியிருந்தார்கள். அது கரையான் தன் புற்றுக்குள் பயிர் செய்யும் பூஞ்சை என்பதால் சிப்பிக்காளான் போல வைக்கோலில் வளராது. புற்றை இடிக்காமல் விட்டால் அடுத்த மழைக்கு அங்கேயே வரும்.