இடி விழுந்த கலசம் அரிசியை இழுக்குமா?

“இடி விழுந்த கோபுரக் கலசம் என்று ஒன்றைக் காட்டினார்கள். அரிசி தானாகப் போய் ஒட்டியதைக் கண்ணால் பார்த்தேன். செம்பு, இரிடியம் என்ற விலை உயர்ந்த உலோகமாக மாறிவிட்டதாம். பரிசோதனைச் செலவுக்கு 3 லட்சம் கேட்கிறார்கள். 50,000 கொடுத்துவிட்டேன். மீதியைக் கொடுக்கலாமா?” என்று ஒரு வாசகர் கேட்கிறார்.

கொடுக்காதீர்கள். இனி ஒரு ரூபாய்கூட வேண்டாம்.

நீங்கள் பார்த்தது பொய் என்று சொல்லமாட்டேன். அரிசி ஒட்டியிருக்கும். ஆனால் அது யார் கொண்டுவந்த அரிசி? சில வருடங்களுக்கு முன் என் மாணவரின் பெரியப்பா இப்படி ஒரு சொம்பை எங்கள் ஆய்வகத்துக்கே கொண்டுவந்தார். தரகர் கொடுத்த பொட்டலத்து அரிசி விறுவிறுவென்று ஒட்டியது. ஒரு மணியை பிளேடால் கீறினேன். உள்ளே மயிரிழைபோல ஓர் இரும்புக் கம்பித் துண்டு. சொம்பின் அடியில் மெழுகு பூசி மறைத்த காந்தம். கேன்டீனில் ஒரு பிடி அரிசி வாங்கிவந்து வைத்தோம், அசையவில்லை. “பச்சரிசிதான் சார் ஒட்டும்” என்றார் பெரியப்பா. சரி என்று பச்சரிசியும் வாங்கிவந்தோம். அதுவும் அசையவில்லை.

மின்னல் செம்பைக் கருக்கும், உருக்கும். இரிடியமாக்காது. செம்பு அணுவில் 29 புரோட்டான், இரிடியத்தில் 77. எவ்வளவு சூடேற்றினாலும் அந்தக் கணக்கு மாறாது. அசல் இரிடியமே அரிசியை இழுக்காது. சில ஸ்பார்க் பிளக்குகளின் முனையில் இருப்பதும் இரிடியம்தான்.

ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்ள வேண்டும். பிளாஸ்டிக் சீப்பைத் தலையில் தேய்த்துப் பொரி பக்கம் கொண்டுபோனால் பொரி தாவி ஒட்டும். அது நிலைமின்சாரம். காற்றில் ஈரம் இருந்தால் அதுவும் சரியாக வராது. அரிசி பொரியைவிடக் கனம், ஒன்றிரண்டு மணி அசைந்தால் பெரிது. செம்பிலோ, வெறுங்கையால் தொட்டவுடன் மின்சாரம் உடம்பு வழியே தரைக்குப் போய்விடும். யாராவது நிலைமின்சாரம் என்று அறிவியல் பேசினால், செருப்பைக் கழற்றிவிட்டுக் கலசத்தை வெறுங்கையில் பிடித்து, உங்கள் வீட்டு அரிசியில் செய்துகாட்டச் சொல்லுங்கள்.

என் கவலையெல்லாம் அடுத்து வரப்போகிற ‘விஞ்ஞானி’யைப் பற்றித்தான். கதிர்வீச்சு உடை மாட்டிக்கொண்டு, அடையாள அட்டை தொங்க, கையில் ஏதோ கருவியோடு வருவார். உடைக்குக் காசு, ரசாயனத்துக்குக் காசு, சான்றிதழுக்குக் காசு. 2018-ல் டெல்லியில் நாசாவுக்கு விற்கலாம் என்று சொல்லி ஒரு தொழிலதிபரிடம் கோடிக்கு மேல் கறந்த அப்பாவும் மகனும் பிடிபட்டார்கள். அங்கேயும் இதே உடைதான். எந்த அரசு ஆய்வகமும் உங்கள் வீட்டுத் திண்ணைக்கு வந்து கலசம் சோதிக்காது. அப்புறம், ‘ரிசர்வ் வங்கியில் உங்கள் பேரில் கோடிகள் வந்து கிடக்கிறது, வரி கட்டினால் போதும்’ என்று ஒரு கடிதம் வரும். ரிசர்வ் வங்கி தனிநபருக்குப் பணம் போட்டுவைக்கும் கணக்கே வைப்பதில்லை. இந்த இரிடியக் கதையில் 2025-ல் தமிழக சிபிசிஐடி பலரைக் கைது செய்தது. ஆனாலும் தரகர்கள் ஊர் ஊராகப் போய்க்கொண்டுதான் இருக்கிறார்கள்.

வங்கி வழியாகவோ ஜிபேயிலோ அனுப்பியிருந்தால் இன்றே சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்கு அழையுங்கள். ரொக்கம் என்றால் மாவட்டக் குற்றப்பிரிவில் எழுத்தில் புகார் கொடுங்கள். ‘பேராசைப்பட்டுக் கொடுத்தது நீதானே’ என்று திருப்பி அனுப்பப் பார்ப்பார்கள். ஏமாந்தவனைக் குற்றவாளிபோல நிற்கவைக்கும் இந்தப் பழக்கம்தான் தரகர்களை வாழவைக்கிறது. எத்தனை பேர் வெட்கப்பட்டு வாயை மூடிக்கொண்டார்களோ! புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது கையில் வராமல் எழுந்து வராதீர்கள். கலசத்தைப் படம் எடுத்திருந்தால் புகாரோடு சேருங்கள். அது நிஜக் கலசம் என்றால், ஏதோ ஓர் ஊர்க் கோயிலில் திருடுபோனதாக இருக்கலாம்.