மூன்று இடங்களில் ஒரு பெயர் – கடிதம்

அன்புள்ள ஐயா,

விஸ்காம் இறுதியாண்டு படிக்கிறேன். சென்ற வாரம் ‘இன் தி மூட் ஃபார் லவ்’ என்ற ஹாங்காங் படம் பார்த்தேன். ஒவ்வொரு ஃபிரேமும் ஓவியம். இருநூறு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்திருக்கிறேன். டைட்டிலில் கலை, உடை, எடிட்டிங் மூன்றுக்கும் வில்லியம் சாங் என்று ஒரே பெயர் வருகிறது. ஒரே ஆள் எப்படி இத்தனையும் செய்ய முடியும்? கலை இயக்குநராக எங்கே படிக்கலாம்? கிராஃபிக்ஸ் வந்தபிறகு அந்த வேலைக்கு எதிர்காலம் உண்டா?

க.

அன்புள்ள க.,

கிராஃபிக்ஸ் பற்றி எனக்குக் கவலை இல்லை. உங்களுக்கும் வேண்டாம்.

உங்கள் கடிதம் வந்த அன்று, இறந்துபோன என் பெரியம்மாவின் தையல் மெஷினை யாருக்குக் கொடுப்பது என்று வீட்டில் பேச்சு ஓடிக்கொண்டிருந்தது. அதனால் பதில் கொஞ்சம் அந்தப் பக்கம் சாயும்.

முதலில் திட்டிவிடுகிறேன். இருநூறு ஸ்கிரீன்ஷாட்! தம்பி, நீங்கள் படம் பார்க்கவில்லை, ஆல்பம் போட்டிருக்கிறீர்கள். 1962இன் ஹாங்காங், ஷாங்காய்க்காரர்கள் நெருக்கியடித்துக் குடியிருக்கும் வீடு. நாயகி மேகி சியுங் கையில் பிளாஸ்க்கோடு நூடுல்ஸ் வாங்கப் போகிறார். அதே படிக்கட்டு, அதே விளக்கு, அதே நடை. அவர் போட்டிருக்கும் சியோங்சாம், உடம்போடு ஒட்டிய அந்தச் சீன கவுன், மட்டும் வேறு. அடடா, நாள் ஓடிவிட்டதே என்று அப்போதுதான் நமக்கு உறைக்கிறது. படம் முழுக்க இருபதுக்கும் மேற்பட்ட சியோங்சாம்கள், அவைதான் அங்கே காலண்டர். படத்தை நிறுத்தினால் மிஞ்சுவது அழகான துணி. அதைப் பார்க்க ஜவுளிக்கடை போதும்.

சாங் 1988இலிருந்து இந்தப் படத்தின் இயக்குநர் வோங் கார்-வாயோடு இருக்கிறார். வோங்கின் முதல் படத்துக்கே அவர்தான் கலை. 2000இல் கான் திரைப்பட விழாவில் தொழில்நுட்பப் பரிசு, ‘தி கிராண்ட்மாஸ்டர்’ உடைகளுக்கு ஆஸ்கர் பரிந்துரை. இதெல்லாம் நீங்களே தேடிக்கொள்வீர்கள்.

சரி, பெரியம்மா. எங்கள் தெருப் பெண்களுக்கெல்லாம் அவர்தான் ஜாக்கெட் தைத்தார். யார் வந்தாலும், “உள்ள துணி விட்டுத் தைங்கக்கா” என்பார்கள். அவர்கள் சொல்லாவிட்டாலும் விடுவார். கல்யாணப் பெண்ணின் ஜாக்கெட்டில் பக்கத்துக்கு ஓர் அங்குலம் உள்ளே மடிந்து கிடக்கும். இரண்டு வருஷம் கழித்து குழந்தையோடு வருவாள், பெரியம்மா தையலைப் பிரித்துவிடுவார். ஒரு தடவை மட்டும் ஒரு பெண் பிடித்துத் தைக்கச் சொல்லி வந்தாள். அவள் போனபிறகு பெரியம்மா வெகுநேரம் மெஷினை மிதிக்கவில்லை. எனக்குப் பத்து வயது, ஏன் என்று கேட்கத் தெரியவில்லை.

உள்ளே துணி எவ்வளவு மடிந்திருக்கிறது என்று தைத்தவருக்குத்தான் தெரியும். மூன்று இடத்தில் ஒரே பெயர் எப்படி என்ற உங்கள் கேள்விக்கு என் பதில் இதுதான். அந்தப் படம் முழுத் திரைக்கதை இல்லாமல் ஒரு வருஷத்துக்கும் மேல் எடுக்கப்பட்டது. நாயகனும் நாயகியும் எழுபதுகளில் திரும்பச் சந்திப்பதைக்கூட எடுத்தார்கள். அதற்கும் உடை வேண்டும், அறை வேண்டும். எல்லாம் செய்தார்கள். அப்புறம் அந்தச் சந்திப்பு படத்திலேயே இல்லை. எடிட்டிங் மேஜையில் உட்கார்ந்தவர், உடைக்குத் துணி தேர்ந்தெடுத்த அதே மனிதர். வேறொரு எடிட்டர் என்றால், பாவம் கலை இயக்குநர் இவ்வளவு உழைத்திருக்கிறாரே என்று இரண்டு ஷாட்டாவது விட்டுவைத்திருப்பார். தன் உழைப்பு என்பதால் இவருக்கு அந்தத் தாட்சண்யம் இல்லை. தைத்ததும் வெட்டியதும் ஒரே கை. அந்தச் சந்திப்பு நடக்கவில்லை என்பதுதானே நம்மை இத்தனை வருஷமாக வாட்டுகிறது?

நம் ஊரில் இதைச் சொன்னால், “செட்டு போட்ட காசு திரையில் தெரிய வேண்டாமா சார்?” என்பார்கள். தெரிந்து தெரிந்துதான் கண் வலிக்கிறது.

எங்கே படிப்பது என்று கேட்டிருந்தீர்கள். எந்தக் கல்லூரியும் சரிதான், அதில் பெரிய வித்தியாசம் இல்லை. அதற்கு முன் அந்த ஸ்கிரீன்ஷாட்டுகளை அழித்துவிட்டு, இடையில் நிறுத்தாமல் இன்னொரு தடவை படத்தைப் பாருங்கள். பிறகு வீட்டில் ஒரு பழைய ஜாக்கெட்டைப் பிரித்துப் பாருங்கள். அம்மாவிடம் கேட்டுவிட்டு.