சுண்ணாம்புச் சுவருக்கும் மண் சுவருக்கும் என்ன பெயின்ட்? கேள்வி பதில்

கேள்வி (உப்புவெளி): அண்ணை, பழைய சுண்ணாம்புச் சாந்துச் சுவர். போன வருசம் இமல்சன் அடிச்சம். இப்ப கீழ மூண்டடி உயரத்துக்குக் கொப்பளிச்சு உரியுது. வோட்டர் புரூப் பெயின்ட் அடிச்சா நிக்குமோ?

பதில்: வேண்டாம் தம்பி. அத்திவாரத்தால ஏறுற ஈரம் சுவர் வழியா வெளிய வந்து காய வேணும். இமல்சன் எண்டது பிளாஸ்டிக் படலமாக் காயிற பெயின்ட், அது அந்த ஈரத்தை மறிக்குது. ஈரத்தோட வாற உப்பு பெயின்டுக்குப் பின்னால படிகமாகி, சாந்தையும் சேர்த்துத் தள்ளும். வோட்டர் புரூப் அடிச்சா ஈரம் இன்னும் மேலதான் ஏறும்.

பெயின்டை முழுக்கச் சுரண்டுங்கோ. பூத்த உப்பைக் காய்ஞ்ச பிரஷால தட்டி அள்ளி வெளிய கொட்டுங்கோ. கழுவினால் கரைஞ்சு திரும்ப உள்ள போயிடும். உடைஞ்ச இடத்தைச் சுண்ணாம்புச் சாந்தால அடையுங்கோ. மேசன்மார் சீமெந்து பூசலாம் எண்டுதான் சொல்லுவினம், விடாதேங்கோ. பிறகு தண்ணி தெளிச்சுப் பாருங்கோ. உறிஞ்சினால் சுண்ணாம்பு அடிக்கலாம். மணிமணியா உருண்டால் இன்னும் சுரண்ட இருக்கு.

கேள்வி (நிலாவெளி): பையில வாற சுண்ணாம்புத் தூள் காணுமோ? கலவை அளவு என்ன?

பதில்: காணும், பை புதிசா இருக்க வேணும். காத்துப்பட்டுக் கிடந்த தூளுக்குப் பிடிப்பு இல்லை. ஒரு நாள் தண்ணியில ஊற விடுங்கோ. அடியில தங்குற களி 1 பங்குக்குத் தண்ணி 2 பங்கு, துணியால வடிச்சு, பால் பதத்துக்கு வர வேணும். நிறம் வேணுமெண்டால் காவி, மஞ்சள் மண் நல்லது. 10 கிலோ களிக்கு 500 கிராமுக்கு மேல போட வேண்டாம், கூடினால் கையில ஒட்டும். காய்ஞ்சால் நிறம் நல்லா வெளிறும், அதால மூலையில ஒரு சின்ன இடத்தில அடிச்சுப் பாருங்கோ.

அடிக்கிறதுக்கு முதல் சுவரை நனையுங்கோ. உள்ளுக்கு 3 அல்லது 4 பூச்சு, வெளிய 5. பூச்சுக்குப் பூச்சு ஒரு நாள் இடைவெளி. முதல் பூச்சு அடிச்சதே தெரியாது, காயக் காயத்தான் வெளுக்கும். இதைப் பார்த்துப் பயந்து களியைக் கூட்டினால் வெடிச்சுப் பொருக்கா விழும். கண்ணுக்குக் கண்ணாடி கட்டாயம். பட்டால் நிறையத் தண்ணியால கழுவிக்கொண்டு உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கோ. நீறாத கல்லுச் சுண்ணாம்பு எண்டால் தண்ணிக்குள்ள கல்லைக் கொஞ்சம் கொஞ்சமாப் போட வேணும், கல்லுக்கு மேல தண்ணி ஊத்தக்கூடாது.

கேள்வி (தம்பலகாமம்): ஐயா, களிமண் பூசின படுக்கை அறை. மாப்பசை சேர்த்த மண் பெயின்ட் நல்லமோ?

பதில்: காய்ஞ்ச அறைக்கு அழகா இருக்கும். ஆனால் மாப்பசை, பால்புரதப் பசை இரண்டும் பூஞ்சணத்துக்குச் சாப்பாடு. மார்கழி மழையில ஈரம் நிக்கிற சுவருக்கு நான் சொல்ல மாட்டன். அங்க மெல்லிய சுண்ணாம்புதான், பூஞ்சணம் லேசில பிடிக்காது. களிமண்ணில சுண்ணாம்பின் பிடிப்புக் குறைவு, அதால தூசியைத் துடைச்சு, மெல்லிசாத் தெளிச்சு நனைச்சு, நல்ல தண்ணிப் பதத்தில அடியுங்கோ.

கேள்வி: கடல் பக்கச் சுவருக்கு சிலிக்கேட் பெயின்ட்?

பதில்: இது பொட்டாசியம் சிலிக்கேட் கரைசலில கலக்கிற தாதுப் பெயின்ட். சுண்ணாம்பு, சீமெந்துச் சாந்துக்கு அருமை. சாந்தோடயே இறுகிப் பிடிக்கும், ஈரத்தையும் விடும். ஜிப்சத்துக்கும் பழைய இமல்சனுக்கும் மேல சரிவராது, களிமண்ணுக்கும் நான் சொல்ல மாட்டன். யன்னல் கண்ணாடியை மூடுங்கோ, தெறிச்ச துளி காய்ஞ்சால் கறை போகாது. விலைதான் கூட.

கேள்வி (மூதூர்): சுண்ணாம்பு அடிச்சு ஒரு கிழமை. கை வைச்சால் மாவா ஒட்டுது.

பதில்: கச்சான் எண்ட காய்ஞ்ச காத்து வீசேக்க மத்தியான வெயிலில அடிச்சிருப்பீங்கள். சுண்ணாம்பு காத்தில உள்ள கரியமில வாயுவோட சேர்ந்து இறுக ஈரம் வேணும். அதுக்கு முதலே காய்ஞ்சிட்டுது. மாவைத் துடைச்சு, நனைச்சு, பின்னேரம் மெல்லிசா ஒரு பூச்சு. வெளிச்சுவர் எண்டால் மூண்டு நாள் ஈரச் சாக்கால மறையுங்கோ. ஒட்டுறதுக்காகத் தச்சுவேலைக்குப் பாவிக்கிற வெள்ளைப் பசையை மட்டும் கலக்காதேங்கோ, சுவர் மூச்சு விடாது.