பாதிதான் தருவேன் என்றால் விட்டுவிடாதீர்கள்

வணக்கம். அண்ணன், தம்பி இருவரும் உங்களுக்குப் பணம் தர வேண்டும் என்று தீர்ப்பு வாங்கியும், தம்பி வெளிநாடு போய்விட்டார், என் பாதியைத்தான் தருவேன் என்று அண்ணன் சொல்வதாக எழுதியிருக்கிறீர்கள். முதலில் டிகிரி (தீர்ப்பின்படி கோர்ட் தரும் தீர்ப்பாணை) நகலைப் பாருங்கள். 'கூட்டாகவும் தனித்தனியாகவும்' என்று இருந்தால் முழுத் தொகையையும் அண்ணனிடமே வசூலிக்கலாம். தம்பியின் பங்கைத் தம்பியிடம் கேட்டு வாங்குவது அண்ணன் பாடு.

பாரிமுனை சிட்டி சிவில் கோர்ட் டிகிரி என்றால் அங்கேயே நிறைவேற்று மனு, அதாவது டிகிரிப்படி பணத்தை வசூலித்துத் தரக் கேட்கும் மனு, போடலாம். 12 ஆண்டு அவகாசம் உண்டுதான், ஆனாலும் தள்ளிப்போடாதீர்கள். அதற்குள் சொத்து கைமாறிவிடலாம். அண்ணனுக்கு என்ன சொத்து இருக்கிறது என்று தெரியாவிட்டால், சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 21 விதி 41-ன்படி அவரையே பிரமாணப் பத்திரத்தில் சொல்ல வைக்கக் கேளுங்கள்.

அப்புறம், பாதிப் பணம் தந்தால் வாங்கிக்கொள்ளுங்கள். 'முழுத் தீர்வு' என்று எழுதிய தாளில் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள்.