‘எ ஷார்ட் ஹைக்’ என்ற வீடியோ விளையாட்டில் சண்டையே இல்லை என்கிறார்கள். அப்புறம் அதில் என்னதான் செய்வது?

மலை ஏறுவதுதான் வேலை. கிளேர் என்ற சின்னப் பறவை விடுமுறைக்கு மே அத்தையிடம் வந்திருக்கிறாள். முக்கியமான ஒரு போன் அழைப்புக்காகக் காத்திருக்கிறாள், ஆனால் அங்கே சிக்னல் இல்லை. ஹாக் பீக் மலை உச்சிக்குப் போனால்தான் கிடைக்கும்.

இலங்கையின் ஹட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் வளர்ந்த எனக்கு இது கற்பனையாகவே படவில்லை. 2020இல் பள்ளிகள் மூடியபோது, என் தங்கை ஜூம் வகுப்புக்காக லயத்திலிருந்து (தொழிலாளர்களின் வரிசை வீடுகள்) தேயிலை மலை மேட்டுக்கு ஏறுவாள். காலில் அட்டை, சுற்றிலும் பனி. கிளேரின் அவசரம் எனக்கு உடனே புரிந்தது.

ஏறுவதற்குத் தங்க இறகுகள் வேண்டும். ஒவ்வோர் இறகும் இன்னும் கொஞ்சம் உயரம் தரும். சில மறைந்திருக்கும், சிலவற்றைக் காசு கொடுத்து வாங்கலாம். வழிகாட்டும் அம்புக்குறி திரையில் கிடையாது. விழுந்தாலும் அடிபடாது. அதனால் பாதையை விட்டு விலகி மீன் பிடிப்பீர்கள், ஒரு குழந்தைக்குச் சிப்பி பொறுக்கிக் கொடுப்பீர்கள். என்னைக் கேட்டால், அந்தச் சுற்றலுக்காகத்தான் இதை விளையாட வேண்டும்.

கனடாவின் ஆடம் ராபின்சன்-யூ உருவாக்கி 2019இல் வெளியிட்டார். 2020இல் சுயாதீன வீடியோ விளையாட்டுகளுக்கான ஐஜிஎஃப் விழாவின் பெரும்பரிசும் கிடைத்தது. இரண்டு, மூன்று மணி நேரத்தில் முடிந்துவிடும்.

உச்சியில் வரும் அழைப்பு யாருடையது என்று சொல்ல மாட்டேன். பேசி முடித்ததும் சிறகை விரித்து, அத்தை வீடுவரை மெதுவாக மிதந்தே இறங்குங்கள்.