அக்குளில் தீராத அரிப்பு: மார்பகப் புற்றுநோயா?

கேள்வி: எனக்கு வயது 41. ஜவுளிக்கடையில் சேல்ஸ் பிரிவில் வேலை. காலை பத்து மணியிலிருந்து இரவு ஒன்பது வரை யூனிஃபார்ம் புடவையும் பாலியெஸ்டர் ரவிக்கையும்தான். மூன்று மாதமாக இடது அக்குளில் மட்டும் வட்டமாகச் சிவந்து அரிக்கிறது. மெடிக்கல் ஷாப்பில் கொடுத்த க்ரீமைத் தடவினால் நாலு நாளில் அடங்கிவிடும். விட்டால் முன்பைவிட அகலமாக வரும். இப்போது பாவாடை நாடா கட்டும் இடத்திலும் அரிக்கிறது. போன வாரம் அக்குளைத் தடவிப் பார்த்தபோது பட்டாணி அளவில் ஏதோ தட்டுப்பட்டது, அமுக்கினால் வலிக்கிறது. என் சித்தி 58 வயதில் மார்பகப் புற்றுநோய் வந்து இறந்தவர். ‘அக்குள் அரிப்புதான் மார்பகப் புற்றுநோயின் முதல் அறிகுறி’ என்று செல்போனில் ஒரு வீடியோ பார்த்ததிலிருந்து தூக்கம் போய்விட்டது. பத்து வருடமாக ரோல்-ஆன் போடுகிறேன், அதனால் வந்ததா? வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை.
பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திண்டுக்கல்

பதில்: உங்கள் கடிதத்தைப் படித்தவுடன் எனக்குத் தோன்றியது படர்தாமரை. நேரில் பார்க்காமல் நூறு சதவீதம் உறுதி சொல்ல முடியாதுதான். ஆனாலும் வட்டமாகச் சிவப்பது, க்ரீமுக்கு அடங்கி மறுபடி அகலமாக வருவது, இடுப்புக்கு இறங்குவது என்று நீங்கள் எழுதியிருக்கும் ஒவ்வொன்றும் அந்தப் பூஞ்சைத் தொற்றையே காட்டுகிறது. புற்றுநோய் கோணத்தில் நான் கவனித்துப் பார்க்க விரும்புவது அந்தப் பட்டாணியை மட்டும்தான். அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

பாவாடை நாடா கட்டும் இடம் என்று எழுதினீர்களே, அது முக்கியமான துப்பு. நாள் முழுக்க இறுக்கிக் கட்டியிருக்கும் இடம், வியர்வை காயாத இடம், துணி உரசும் இடம்: பூஞ்சைக்கு இதைவிட வசதி வேண்டாம். நம் ஊர்ப் பெண்களுக்குப் படர்தாமரை வழக்கமாக வரும் இடங்களே இடுப்பு, மார்பின் அடிமடிப்பு, அக்குள், தொடையிடுக்கு ஆகியவைதான். ஒரு பக்கம் மட்டும் வருவதும் இதற்கு இயல்பே. இன்னொன்றையும் வீட்டில் விசாரியுங்கள். உங்கள் கணவரோ பிள்ளைகளோ தொடையிடுக்கில் அரிப்பு என்று வெளியே சொல்லாமல் அதே ட்யூபைத் தடவிக்கொண்டிருக்கலாம். என்னிடம் வரும் குடும்பங்களில் இது சர்வசாதாரணம். ஒருவர் மட்டும் சிகிச்சை எடுத்தால் ஒரே துண்டு, ஒரே படுக்கை விரிப்பு வழியாக மறுபடி ஒட்டிக்கொள்ளும்.

அடுத்து அந்த ட்யூப். பின்பக்கம் பொடி எழுத்தில் அச்சிட்டிருப்பதைப் படித்துப் பாருங்கள். குளோபெட்டசால், பீட்டாமெத்தசோன், மொமெட்டசோன் என்று ஏதாவது ஒரு பெயர் இருந்தால் அது ஸ்டீராய்டு. கூடவே ஒரு பூஞ்சை மருந்தும் ஒரு கிருமி மருந்தும் சேர்த்து, எல்லாவற்றுக்கும் ஒரே களிம்பு என்று கவுண்டரில் கொடுத்துவிடுகிறார்கள். ஸ்டீராய்டு அரிப்பையும் சிவப்பையும் உடனே அமர்த்திவிடும். ஆனால் பூஞ்சையை எதிர்த்துத் தோல் நடத்தும் சண்டையையும் சேர்த்தே அமர்த்துகிறது. மேலே அமைதி, கீழே பூஞ்சை பரவிக்கொண்டே போகிறது. நிறுத்திய மறுவாரம் வட்டம் பெரிதாவது அதனால்தான். சில மாதம் இப்படியே ஓடினால் வட்டமும் கலைந்து, தோல் மருத்துவரே ஒரு கணம் குழம்பும் உருவத்துக்கு வந்துவிடும். அக்குள் தோல் மெல்லியது, மூடியே இருப்பது. முன்கையில் தடவினால் உள்ளே போகும் அளவைப்போல மூன்று மடங்குக்கு மேல் ஸ்டீராய்டு அக்குள் வழியாகப் போகும். தொடர்ந்து தடவினால் பிரசவத் தழும்பு மாதிரிச் சிவப்புக் கோடுகள் விழும். அவை மங்கலாம், முழுக்க மறையாது. மருத்துவர் சீட்டு இல்லாமல் இந்த வகைக் களிம்புகளை விற்கக் கூடாது என்று மத்திய அரசு 2018-லேயே விதியைக் கடுமையாக்கியது. கடை வாசலில் அந்த விதி எப்படி நடக்கிறது என்பது உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

படர்தாமரை இல்லையென்றால் வேறு என்னவாக இருக்கும்? அரிப்பு அக்குளின் எந்த இடத்தில் இருக்கிறது என்பதே பாதி விடையைச் சொல்லிவிடும். குழியின் நடுவில், முடி முளைக்கும் இடத்தில் சிவந்து எரிந்தால் ரோல்-ஆன், ஸ்ப்ரே, அவற்றின் வாசனைப் பொருள், ஷேவ் செய்த கையோடு தேய்த்த எலுமிச்சை, தண்ணீர் கலக்காமல் ஊற்றிய கிருமிநாசினி இவற்றைச் சந்தேகப்படுவோம். நடுக்குழி தெளிவாக இருந்து, ரவிக்கைத் தையல் உரசும் ஓரங்களில் மட்டும் பிறை போலச் சிவந்திருந்தால் துணியின் சாயம்தான் குற்றவாளி. அடர் நிற பாலியெஸ்டரில் ஏற்றும் சில சாயங்கள் வியர்வையில் கசிந்து தோலில் ஒவ்வாமையைக் கிளப்பும். யூனிஃபார்ம் மாற்றிய மாதத்தில் கடைப் பெண்கள் நாலைந்து பேர் சேர்ந்து வருவதும் உண்டு. ஈரமாகச் செக்கச்சிவந்து, சுற்றிலும் பொடிப்பொடிக் கொப்புளங்கள் இருந்தால் கேண்டிடா என்னும் இன்னொரு பூஞ்சை. அப்போது சர்க்கரை அளவைப் பார்க்காமல் விடக் கூடாது. ராத்திரியில் மட்டும் உயிரை வாங்கும் அரிப்பு, விரலிடுக்கிலும் இருக்கிறது, வீட்டில் எல்லோரும் சொறிகிறார்கள் என்றால் சிரங்கு. கழுத்தும் அக்குளும் கறுத்து, வெல்வெட் துணி போலத் தடித்துவிட்டால் எந்த மஞ்சளும் கடலைமாவும் அதைப் போக்காது. அது பெரும்பாலும் இன்சுலின் சரியாக வேலை செய்யவில்லை என்பதன் அடையாளம்.

இனி புற்றுநோய். மார்பகத்திலிருந்து வடியும் நிணநீரில் பெரும்பகுதி அக்குள் நிணநீர் முடிச்சுகளுக்குத்தான் (நெறி கட்டும்போது வீங்குகிறவை இவைதான்) வந்து சேர்கிறது. மார்பகப் புற்றுநோய் பரவும்போது முதலில் அக்குளுக்கு வருவது இதனால்தான். வீடியோக்காரர்கள் இந்த உண்மையை எடுத்துக்கொண்டு அரிப்போடு முடிச்சுப் போட்டுவிட்டார்கள். அரிப்பை உணரும் நரம்பு முனைகள் தோலின் மேலடுக்கில் இருக்கின்றன. நிணநீர் முடிச்சுகளோ தோலுக்கு அடியில், கொழுப்புக்குள் புதைந்து கிடப்பவை. அங்கே கட்டி வளர்ந்தாலும் தோலுக்குச் சேதி எட்டாது. அதனால் அக்குளுக்கு வரும் புற்றுநோய் பெரும்பாலும் அரிக்காது, வலிக்கவும் வலிக்காது. குளிக்கும்போது தற்செயலாகக் கையில் பட்டது, வலி இல்லாததால் சும்மா விட்டுவிட்டேன் என்று ஆறு மாதம் கழித்து வருகிறவர்களைப் பற்றித்தான் எனக்குக் கவலை. அரிக்கிறது என்று ஓடி வருகிறவர்களைப் பற்றி அவ்வளவு இல்லை.

அரிப்பைப் புற்றுநோயாக எடுத்துக்கொண்டு பார்க்க வேண்டிய இடம் ஒன்று உண்டு, அது முலைக்காம்பு. பேஜெட் நோய் என்று பெயர். 1874-ல் ஜேம்ஸ் பேஜெட் என்ற இங்கிலாந்து அறுவைச் சிகிச்சை நிபுணர் விவரித்தது. ஒரு பக்கக் காம்பில் மட்டும் கரப்பான் (எக்ஸிமா) போல வரும். செதில் உதிரும், நீர் கசியும், பொருக்குக் கட்டும், அரிக்கும், சில நேரம் உள்ளாடையில் ரத்தக் கறை படும். சாதாரணக் கரப்பான் வழக்கமாகக் காம்பைச் சுற்றியுள்ள கருவட்டத்தில் தொடங்கும், பெரும்பாலும் இரண்டு பக்கமும் இருக்கும். பேஜெட் காம்பிலேயே தொடங்கி வெளியே பரவும். களிம்புக்குக் கொஞ்சம் தணிவது போல ஏமாற்றும். வெட்கத்தால் காட்டாமல் ட்யூப் மேல் ட்யூப்பாகத் தடவி, ஒரு வருடம் கழித்து வந்த பெண்களைப் பார்த்திருக்கிறேன். காம்பில் இரண்டு மூன்று வாரத்தில் ஆறாத புண் எதுவானாலும் ஒரு சிறு துணுக்கை எடுத்துப் பரிசோதிப்பதே சரி.

இன்னொன்று அழற்சி வகை மார்பகப் புற்றுநோய். அரிதானது, மார்பகப் புற்றுநோய்களில் 1 முதல் 5 சதவீதம்தான். ஆனால் படுவேகமானது. சில வாரங்களிலேயே ஒரு மார்பு வீங்கி, சிவந்து, சுடும். தோல் தடித்து ஆரஞ்சுப் பழத்தோல் போலக் குழிகுழியாகும். சிலருக்கு அரிப்பும் இருக்கும். கையில் கட்டி எதுவும் தட்டுப்படாமலே போகலாம். பால்கட்டு, சீழ்க்கட்டு என்று ஆண்டிபயாட்டிக் கொடுப்பார்கள். அதில் தவறில்லை. ஒரு வாரம், பத்து நாளில் தணியவில்லை என்றால் அதற்கு மேல் காத்திருக்கக் கூடாது. உங்கள் மார்பில் இப்படி எந்த மாற்றமும் இருப்பதாக நீங்கள் எழுதவில்லை. இருந்தும் எழுதாமல் விட்டிருந்தால், இந்த வாரமே மருத்துவரிடம் காட்டுங்கள்.

ரோல்-ஆன் விஷயம் 1990-களில் மின்னஞ்சலில் கிளம்பிய புரளி, இப்போது வாட்ஸ்அப்பில் ஓடிக்கொண்டிருக்கிறது. வியர்வையை அடைத்தால் நஞ்சு உள்ளே தங்கிப் புற்றுநோய் ஆகும் என்பது அதன் வாதம். உடலின் கழிவை வெளியேற்றுவது முக்கியமாகக் கல்லீரலும் சிறுநீரகமும். வியர்வைச் சுரப்பிக்கும் நிணநீர் முடிச்சுக்கும் குழாய்த் தொடர்பே கிடையாது. 2002-ல் அமெரிக்காவின் சியாட்டில் பகுதியில் மார்பகப் புற்றுநோய் வந்த 813 பெண்களையும் வராத 793 பெண்களையும் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். வாசனைப் பூச்சுக்கும் நோய்க்கும் தொடர்பு தெரியவில்லை. ஷேவ் செய்த உடனே போட்டவர்களிடமும் தெரியவில்லை. இப்போதைக்கு ரோல்-ஆனை நிறுத்துங்கள், ஆனால் காரணம் வேறு: புண்பட்ட தோலில் அது எரியும்.

சித்தியைப் பற்றி. அவருக்கு நோய் வந்தது 58 வயதில், குடும்பத்தில் அவர் ஒருவருக்கு மட்டும் என்றால், உங்களுக்குக் கூடும் அபாயம் கொஞ்சம்தான். அம்மா, அக்கா, தங்கையில் யாருக்காவது வந்திருந்தாலோ, 50 வயதுக்கு முன்பே வந்தவர்கள் இருந்தாலோ, சினைப்பைப் புற்றுநோய் அல்லது ஆணுக்கு மார்பகப் புற்றுநோய் என்று எதுவும் இருந்தாலோ மரபணுப் பரிசோதனை பற்றிப் பேச வேண்டும். அப்பா வழி அத்தைகளையும் பாட்டியையும் விட்டுவிடாதீர்கள். கேட்டால் எல்லோரும் அம்மா வழியை மட்டுமே சொல்வார்கள். கோளாறான மரபணு அப்பாவிடமிருந்தும் வரும்.

இப்போது அந்தப் பட்டாணி. சொறிந்த இடத்தில் நகம் பட்டுக் கிருமி சேர்ந்தால் அக்குளில் நெறி கட்டும். காலில் புண் வந்தால் தொடையிடுக்கில் நெறி கட்டுகிறதல்லவா, அதேதான். வலிப்பது, சின்னதாக இருப்பது, அரிப்பு வந்த பிறகு வந்தது, மூன்றுமே நல்ல சேதி. கல் மாதிரிக் கெட்டியாக, வலியில்லாமல், விரலுக்கு அசையாமல், வாரா வாரம் வளர்ந்தால்தான் பயப்பட வேண்டும். நெறி கட்டுவதற்குக் காசநோய் முதல் சமீபத்தில் கையில் போட்ட தடுப்பூசி வரை வேறு காரணங்களும் உண்டு. மாதவிடாய்க்கு முன் அக்குள் மெத்தென்று வீங்கி, பிறகு வடிந்தால் அது அங்கே பிறவியிலேயே இருக்கும் துணை மார்பகத் திசுவாக இருக்கலாம். எதுவானாலும் ஒரு மருத்துவர் கைவைத்துப் பார்த்தே ஆக வேண்டும். நீங்களே தினமும் கிள்ளிக் கிள்ளிப் பார்க்காதீர்கள், அமுக்க அமுக்க நெறி வீங்கத்தான் செய்யும். கையைத் தூக்கிக்கொண்டு பார்த்தால் அக்குள் விறைத்து ஒன்றும் தெரியாது. கையைத் தளர்த்தித் தொங்கவிட்டு, மற்றக் கையின் விரல் பரப்பால் மெதுவாகத் தடவ வேண்டும். மாதத்துக்கு ஒருமுறை, மாதவிடாய் முடிந்த சில நாளில் பார்த்தால் போதும்.

செய்ய வேண்டியது இது. அந்த க்ரீமை இன்றே நிறுத்துங்கள். ஒரு வாரம் அரிப்பு அதிகமாகும், பொறுத்துக்கொள்ளுங்கள். தோல் மருத்துவரிடம் போகும்போது காலி ட்யூபையும் எடுத்துப்போங்கள். செதிலைச் சுரண்டி நுண்நோக்கியில் பார்ப்பது சில நிமிட வேலை. பூஞ்சை என்றால் ஸ்டீராய்டு கலக்காத களிம்பு, தேவையானால் மாத்திரை தருவார். களிம்பை வட்டத்துக்கு வெளியே இரண்டு விரற்கடை தள்ளியும் தடவி, மறைந்த பிறகும் இரண்டு வாரம் தொடருங்கள். உள்ளாடையை வெந்நீரில் துவைத்து, வெயிலில் காயப்போட்டு, தையல் ஓரங்களை இஸ்திரி போடுங்கள். வேலைக்கு மாற்று ரவிக்கை ஒன்று கொண்டுபோய் மத்தியானம் மாற்றிக்கொள்ளுங்கள். கடையில் பருத்தி ரவிக்கைக்கு அனுமதி கேட்டுப் பார்ப்பதிலும் தப்பில்லை.

அதே வாரத்தில் மார்பகப் பரிசோதனையும் முடித்துவிடுங்கள். ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே 30 வயது தாண்டிய பெண்களுக்குச் செய்கிறார்கள். கையால் பார்ப்பதுதானே என்று அலட்சியம் வேண்டாம். மும்பை டாடா நினைவு மருத்துவமனை 1998-ல் தொடங்கி ஒன்றரை லட்சம் பெண்களை இருபது ஆண்டுகள் கவனித்தது. பயிற்சி பெற்ற சுகாதாரப் பணியாளர்கள் இரண்டு வருடத்துக்கு ஒருமுறை கையால் பரிசோதித்தவர்களில், 50 வயதைத் தொட்டவர்களிடம் மார்பகப் புற்றுநோய் மரணம் ஏறக்குறைய 30 சதவீதம் குறைந்திருந்தது. தோல் சரியாகி நான்கு வாரம் ஆகியும் பட்டாணி கரையவில்லை என்றாலோ, பார்க்கும் மருத்துவருக்கே சந்தேகம் என்றாலோ அல்ட்ராசவுண்ட் எடுத்து, தேவைப்பட்டால் ஊசியால் உறிஞ்சிச் சோதிப்பார்கள். உங்கள் வயதுக்கு, சித்தியின் கதையும் சேர்ந்திருப்பதால், ஒரு மேமோகிராம் எடுத்துவைப்பது நல்லது என்பேன். அதற்குப் போகும் நாளில் அக்குளிலும் மார்பிலும் பவுடர், ரோல்-ஆன், களிம்பு எதுவும் இருக்கக் கூடாது. அவற்றிலுள்ள துகள்கள் படத்தில் சுண்ணாம்புப் புள்ளி மாதிரி விழுந்து, வீணாக இன்னொரு படம் எடுக்க வைக்கும்.