கணக்கிட்டால் அருவம் தொலைந்துவிடுமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

கணிதவியலாளர் புருனோ புக்பெர்கரைப் பற்றிய உங்கள் கட்டுரையை வாசித்தேன். முதுகலைக் கணிதம் படிக்கிறேன். பல்லுறுப்புக்கோவைகளில், தன் உறுப்புகளைக் கூட்டினாலும், அவற்றை எந்தக் கோவையால் பெருக்கினாலும் விடை தனக்குள்ளேயே இருக்கும் தொகுப்புதான் ஐடியல் என்று அதன் வரையறையைப் பிழையின்றி ஒப்பிப்பேன். அதை வைத்து என்ன செய்வதென்றுதான் தெரியவில்லை. கணக்கிட்டுப் புரிந்துகொள்வது அருவக் கணிதத்தை மலினப்படுத்துவது என்கிறார் என் பேராசிரியர். உங்கள் கருத்து என்ன?

ஒரு மாணவி

அன்புள்ள மாணவிக்கு,

மலினப்படுத்துவதாக நான் நினைக்கவில்லை. பல்லுறுப்புக்கோவைகளின் எந்த ஐடியலையும் முடிவுள்ள எண்ணிக்கையிலான கோவைகளைக் கொண்டே உருவாக்கிவிடலாம் என்று 1890-இல் ஜெர்மானியக் கணிதவியலாளர் ஹில்பர்ட் நிறுவினார். அந்தச் சில கோவைகள் கையில் இருக்கும்போது, வேறொரு கோவை அதே ஐடியலைச் சேர்ந்ததுதானா என்று எப்படிச் சோதிப்பது? இன்ஸ்புரூக்கில் வொல்ப்காங் குரோப்னரிடம் ஆய்வு செய்த புக்பெர்கர், 1965-இல் தம் முனைவர் பட்ட ஆய்வேட்டில் தந்த வழிமுறையைத் தாளிலேயே செய்து பார்க்கலாம்.

அ×ஆ=1, ஆ×ஆ=1 என்ற இரு சமன்பாடுகளை (அதாவது அ×ஆ−1, ஆ×ஆ−1 என்ற இரு கோவைகளை) எடுத்துக்கொள்ளுங்கள். முதலாவதை ஆ என்பதாலும் இரண்டாவதை அ என்பதாலும் பெருக்கினால், இரண்டின் இடப்பக்கமும் அ×ஆ×ஆ என்றே ஆகிவிடும்; ஒன்றிலிருந்து மற்றதைக் கழித்தால், முதலில் கண்ணில் படாத அ=ஆ என்ற உறவு வெளிவருகிறது. இப்படித் தலையுறுப்புகளை, அதாவது நாம் தேர்ந்த வரிசைப்படி ஒவ்வொரு கோவையிலும் முதலில் நிற்கும் உறுப்புகளை, அடித்துவிட்டு, எஞ்சுவதை ஏற்கெனவே உள்ள கோவைகளால் வகுத்து, மீதி வந்தால் அதையும் அவற்றோடு சேர்க்க வேண்டும். எந்த இணையை எடுத்தாலும் மீதி பூச்சியமே என்றானதும் நிறுத்திவிடலாம். இப்படிக் கிடைக்கும் கோவைகளின் தொகுப்பே குரோப்னர் பேசிஸ்; 1976-இல் புக்பெர்கர் தம் ஆசிரியரின் பெயரையே அதற்குச் சூட்டினார், அந்தப் பெருந்தன்மை எனக்கு மிகவும் பிடிக்கும். இனி எந்தக் கோவையையும் இவற்றால் வகுத்து, மீதி பூச்சியமா என்று பார்த்தாலே, அது ஐடியலைச் சேர்ந்ததா என்ற கேள்விக்கு விடை கிடைத்துவிடும்.

ஆனால் இந்த வேலை என்றாவது முடியும் என்பதற்கு என்ன உத்தரவாதம்? புதிய மீதி ஒன்று சேரும்போதெல்லாம் தலையுறுப்புகள் உருவாக்கும் ஐடியல் பெரிதாகிறது. அப்படி வளர்ந்துகொண்டே போகும் ஐடியல்களின் தொடர் முடிவின்றி நீள முடியாது என்பது ஹில்பர்ட் தேற்றத்தின் நேரடி விளைவு. கணக்கை முடித்துவைப்பதே அந்த அருவத் தேற்றம்தான் என்னும்போது, கணக்கிடுவதால் அது எப்படித் தொலையும்?

விசையைத் தட்டி விடையை மட்டும் பார்ப்பதில் பயனில்லை என்று உங்கள் பேராசிரியர் சொன்னால், அதை முழுமையாக ஏற்பேன். முதலில் கையால் இரண்டு மூன்று கணக்குகள் போடுங்கள். பிறகு இலவசமாகக் கிடைக்கும் சிங்குலர் என்ற இயற்கணித மென்பொருளில் ஒரு வட்டத்தின் சமன்பாட்டையும் ஒரு பரவளையத்தின் சமன்பாட்டையும் கொடுத்து, மாறிகளின் வரிசையை மாற்றினால் பேசிஸ் எப்படி மாறுகிறது என்று பாருங்கள். ஐடியல்களின் தொடர் ஏன் நின்றுவிடுகிறது என்பதற்கான நிரூபணத்தை அவரிடமே கேளுங்கள்.